தலையாட்டிக்கு ஆள் தேவை

ரொறன்ரோவில், வெக்ஸ்போர்ட் பக்கம் ஒரு தேவாலயத்தின் பேஸ்மென்ற். மாசி மாதக் குளிர். ஹீற்றர் அன்றைக்கென்று பழுதாகிக் கிடந்தது. நாங்கள் பத்துப் பதினைந்து ஆண்கள் சுவரோரம் வரிசையில் நின்றோம். யாருடைய சப்பாத்திலிருந்தோ உருகிய பனித் தண்ணீர் என் கால்வரை ஓடி வந்திருந்தது.

எங்களுக்கு முன்னால் ஒரு மடக்குக் கதிரையில் ஒருவர் இருந்தார். கறுப்பு ஜாக்கெற்றின் தொப்பியைப் புருவம்வரை இழுத்துவிட்டிருந்தார். மூக்கையும் வாயையும் கறுப்பு மாஸ்க் மூடியிருந்தது. கண்கள் மட்டும் தெரிந்தன.

ஒவ்வொருவராக அவர் முன்னால் போய் நிற்க வேண்டும். அவர் ஒன்றும் கேட்கமாட்டார், பார்ப்பார். சிலரைப் பார்த்துவிட்டு அப்படியே இருந்துவிடுவார். சிலருக்குத் தலையை மெல்ல மேலும் கீழும் ஆட்டுவார். அப்படித் தலையாட்டப்பட்டவர்களைப் பக்கத்தில் நின்ற பெண் இடப்பக்கக் கதவால் வேறோர் அறைக்குக் கூட்டிப் போனாள். போனவர்கள் யாரும் திரும்பி வரவில்லை.

சினிமாவுக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். அந்த அறையில் கோப்பியும் டோனற்றும் வைத்திருக்கிறார்கள் என்றுகூடத் தெரியும், வாசனை வந்துகொண்டிருந்தது. ஆனால் என் உடம்பு அதை நம்பவில்லை. கண் வெளியே போகும் படியையே தேடிக்கொண்டிருந்தது.

என் முறை வந்தது. அந்தக் கண்கள் என்னைப் பார்த்தன. மாஸ்க்குக்குள்ளே மூச்சை உள்ளுக்கு இழுக்கும் சத்தம் ஒன்று கேட்டது. "யோ." செத்த வீட்டுச் செய்தி கேட்ட ஒருவர் 'ஐயோ'வில் பாதியை விழுங்கிவிட்டது மாதிரி இருந்தது. பிறகு அந்தத் தலை ஆடியது.

நான் ஓடினேன். படியேறி, ஜாக்கெற்றைக்கூட எடுக்காமல், கார்கள் நிற்கும் இடத்தைத் தாண்டி, பஸ் நிறுத்தம்வரை ஓடினேன்.

சாக்கு

இந்தத் தொடரை ஆரம்பத்திலிருந்து வாசிப்பவர்களுக்கு நான் பயந்தாங்கொள்ளி என்பது புதிய விஷயமில்லை. லிப்றில் ஏறப் பயம். பொலிஸ் கார் பின்னால் வந்தால் பயம். கதவை யாராவது தட்டினால் இன்றைக்கும் மனைவியைத்தான் முன்னுக்கு அனுப்புவேன். ஆனால் ஒரு தலையாட்டலுக்கு ஏன் ஓடினேன் என்று சொல்வதற்கு ஒரு சொல்லை விளங்கப்படுத்த வேண்டும்.

தலையாட்டி. தமிழ்நாட்டு வாசகர்களுக்கு அது கொலுவில் வைக்கும் பொம்மை. போரைக் கண்ட எங்களுக்கு அது சாக்கு மூடிய ஒரு மனிதன்.

அந்தக் காலத்தில் எங்கள் ஊருக்குப் பல சீருடைகள் வந்து போயின. அந்த மனிதனைக் கொண்டுவந்தது எந்தச் சீருடை என்று நான் எழுதப்போவதில்லை. இத்தனை வருடம் கழித்து, இவ்வளவு தூரத்திலிருந்தும் எழுதக் கை வரவில்லை, அதையும் என் பயங்களின் கணக்கில் சேர்த்துவிடுங்கள். விடியும் நேரத்தில் ஊரைச் சுற்றி வளைப்பார்கள். ஆண்களைப் பள்ளிக்கூட மைதானத்துக்கு வரச்சொல்லி வரிசையில் விடுவார்கள். அங்கே ஒரு மர வாங்கில், ஆட்களைக் காட்டிக்கொடுக்க அவர்கள் பிடித்துவந்த ஒருவன் இருப்பான். தலையில் கழுத்துவரை சாக்கு, கண்களுக்கு இரண்டு ஓட்டை. அவன் பேசமாட்டான். சாக்கு ஆடாவிட்டால் நீங்கள் வீட்டுக்குப் போகலாம். ஆடினால் இடப்பக்கம்.

என் தம்பி ரூபன் ஒரு சைக்கிள் கடையில் வேலை செய்தான். நாள் முழுக்க நிலத்தில் குந்தியிருந்து ரியூப் ஒட்டுகிறவன், அதனால் ஆட்களை முகத்தால் அல்ல, காலால்தான் அடையாளம் பிடிப்பான். செருப்பைக் கண்டதும் ஆள் யாரென்று தெரிந்துவிடும், நிமிராமலே ஒரு தலையாட்டு. சைக்கிளோடு சேர்த்துச் செருப்பு வாரையும் ஒட்டிக் கொடுப்பான். "கண்டவன் நிண்டவனுக்கெல்லாம் தலையாட்டாதையடா, கழுத்துச் சுளுக்கப் போகுது" என்று நான் பகிடி பண்ணுவேன்.

அன்றைக்கு வரிசையில் நான் முன்னால், அவன் எனக்குப் பின்னால். எனக்குச் சாக்கு ஆடவில்லை. அந்த ஓட்டைகளில் ஒன்றின் விளிம்பில் நூலொன்று தொங்கியது, உள்ளே இருந்தவன் மூச்சுவிட விட அது அசைந்துகொண்டிருந்தது. காலில் ரப்பர் செருப்பு. ஒரு வார் அறுந்து, கறுப்பு ரியூப் துண்டால் ஒட்டியிருந்தது. இவ்வளவும் எப்படிப் பார்த்தேனோ தெரியாது. இரண்டடி போய்த் திரும்பினேன். சாக்கு ஆடியது. ரூபனைத் தோளில் பிடித்து இடப்பக்கம் கொண்டுபோனார்கள்.

அதற்குப் பிறகு அவனைக் கண்டவர்கள் இல்லை.

அன்றிலிருந்து அந்தச் சாக்கு என் கனவில் வரும். ஆடும். உள்ளே இருந்தவனுக்கு என் தம்பிமேல் அப்படி என்ன பகை? அதை நினைத்து நினைத்தே எனக்கு வயதாகிவிட்டது.

பஸ் நிறுத்தத்தில்

என் ஜாக்கெற்றைத் தூக்கிக்கொண்டு முதலில் வந்தவன் அன்ரன். மன்னார்ப் பெடியன். பெடியன் என்று சொல்கிறேனே தவிர ஐம்பதைத் தாண்டிவிட்டான். மருத்துவமனைகளின் படுக்கை விரிப்புகளைத் தோய்க்கும் ஒரு லோன்றியில் நானும் அவனும் நெடுங்காலமாக ஒன்றாக வேலை செய்கிறோம். அந்தத் தேவாலயம் அவன் போகிற தேவாலயம். படத்துக்கு லோன்றி ஆட்கள் தேவையாம் என்று என்னை இழுத்துக்கொண்டு போனதும் அவன்தான்.

"அண்ணை, என்ன உது? பேயைக் கண்டமாதிரி ஓடுறியள்?"

"அந்த ஆள் ஏன் எனக்குத் தலையாட்டினது?"

அன்ரனின் முகம் சட்டென்று மாறியது. அவனுக்கும் ஒரு ஊர் இருந்தது, அங்கேயும் வரிசைகள் இருந்தன. ஜாக்கெற்றை என் தோளில் போட்டுவிட்டான்.

அவனுக்குப் பின்னால் இரண்டு பெண்கள் பனியில் சறுக்கிச் சறுக்கி வந்தார்கள். ஒருத்தி, ஆட்களை மற்ற அறைக்குக் கூட்டிப் போன மாயா. கனடாவில் பிறந்து வளர்ந்த தமிழ்ப்பெண், படப்பிடிப்பு வேலைகளை ஒழுங்கு செய்பவள். மற்றவர்தான் கதிரையில் இருந்தவர். தொப்பியையும் மாஸ்க்கையும் கழற்றினார். வெள்ளை மயிர், சிவந்த மூக்கு, காய்ச்சலில் பளபளக்கும் கண்கள். அறுபத்தைந்து வயதிருக்கும்.

"அங்கிள், ஆர் யூ ஓகே? இவ ஹெல்வி. டிரெக்ரர். ஃபின்லாண்ட். அவக்கு ஃப்ளூ, அதுதான் மாஸ்க். அவ உங்களை செலெக்ற் பண்ணினவ. இற்ஸ் எ குட் திங், அங்கிள்!"

"ஏன் 'ஐயோ' எண்டு சொன்னவ?"

மாயா ஹெல்வியிடம் ஆங்கிலத்தில் கேட்டாள், பிறகு சிரிப்பை அடக்கிக்கொண்டு திரும்பினாள். "அது யெஸ், அங்கிள். அவையின்ர ஊரில யெஸ்ஸை மூச்சை உள்ள இழுத்துத்தான் சொல்லுவினமாம்."

மனைவிக்கே முழுதாகச் சொல்லாத ரூபனின் கதையை அந்தப் பஸ் நிறுத்தத்தில் முன்பின் தெரியாத ஒரு வெள்ளைக்காரப் பெண்ணுக்குச் சொன்னேன். ஏன் சொன்னேன் என்று இன்றுவரை தெரியாது. மாயா மொழிபெயர்த்துக்கொண்டே வந்தவள் ஒரு சொல்லில் நின்றுவிட்டாள். "தலையாட்டி... வட் இஸ் தற்?" நான் தலையை ஆட்டிக் காட்டினேன். அவளுடைய பெற்றோர் அந்தச் சொல்லை வீட்டில் சொன்னதேயில்லையாம்.

ஹெல்வி மூச்சை உள்ளே இழுத்தார். "யோ."

இரண்டு பஸ் வந்து போய்விட்டது. நாங்கள் ஏறவில்லை.

கடதாசி ஆலைக்காரரின் மகள்

பிறகு வந்த கிழமைகளில் ஹெல்வியின் கதையைத் துண்டு துண்டாகக் கேட்டேன். கோப்பிக் கடைகளில் இருந்து அவர் சொல்ல, மாயா எனக்குத் தமிழாக்குவாள்.

பின்லாந்தின் வடக்கே ஒரு சிறிய நகரம். ஒரேயொரு கடதாசி ஆலை. அவருடைய அப்பாவுக்கு அங்கே வேலை. ஒருநாள் ஆலையை மூடிவிட்டார்கள். ஹெல்வி அப்போதுதான் சினிமா படித்துவிட்டு வந்திருந்தார். ஒரு கமராவை இரவல் வாங்கி, அப்பாவையும் அவருடைய கூட்டாளிகளையும் கூப்பிட்டு, அந்தக் கடைசி நாளைத் திரும்பவும் செய்து காட்டச் சொன்னார். வாசலில் வரிசையாக வந்து ஒவ்வொருவரும் தங்கள் பூட்டின் திறப்பைக் கொடுக்க வேண்டும். உண்மையான கடைசி நாளில் கண் கலங்காத அப்பா, கமராவுக்கு முன்னால் திறப்பைக் கொடுக்கும்போது குழந்தைபோல் அழுதுவிட்டாராம்.

அந்தப் படம் விழாக்களுக்குப் போனது. ஹெல்விக்குப் பெயர் வந்தது. அப்பா மட்டும் "அதை வெட்டிவிடு, ஊர் பார்க்கும்" என்று கெஞ்சினார். ஹெல்வி வெட்டவில்லை. நீண்டகாலம் அப்பா அவரோடு பேசவில்லையாம்.

அதன்பிறகு நாற்பது வருடம் அவருக்கு ஒரே சட்டம்தான். நடிகர்கள் கிடையாது. எழுதிய வசனம் கிடையாது. காட்சி எப்படி முடியவேண்டும் என்று யாருக்கும் சொல்வது கிடையாது. நடந்ததை வெட்டுவதும் கிடையாது. கப்பலில் அறை துப்புரவாக்கும் பெண்களை வைத்து ஒரு படம். பஸ் ஓட்டும் ஒரு விதவையை வைத்து ஒரு படம். பிறகு இப்படியான படங்களைப் பார்க்க ஆளில்லாமல் போயிற்று, எடுக்கக் காசு கொடுப்பவர்களும் இல்லை. பழைய படங்களைக் காட்டுவதற்கென்று ரொறன்ரோ வந்தவர், ஸ்காபரோவில் ஒரு பஸ்ஸில் நெற்றியில் வலைத்தொப்பி அழுத்திய கோட்டோடு வேலை முடிந்து போகிறவர்களைக் கண்டாராம். லோன்றியில் வேலை செய்யும் எங்கள் எல்லோருக்கும் அந்தக் கோடு இருக்கிறது.

"இதுதான் என்ர கடைசிப் படம்" என்றார். "ஒவ்வொரு படத்துக்கும் முதல் நாள் நான் தின்றதெல்லாம் சத்தியெடுப்பன். பயம்." மாயா இதை மொழிபெயர்த்தபோது எனக்கு அந்த மனுசிமேல் ஒரு பிடிப்பு வந்துவிட்டது.

கண்ணாடிக்குப் பின்னால்

சித்திரை மாதத்தில் மாயா கோல் பண்ணினாள். ஹெல்வி ஒரு காட்சி யோசித்திருக்கிறாராம். லோன்றியைப் புது ஆட்கள் வாங்குகிறார்கள். புது மனேஜருக்கு எங்கள் முகங்கள் எல்லாம் ஒன்றுபோலவே தெரிகின்றன. சம்பளம் கூட்டச் சொல்லித் தொழிலாளரைத் திரட்டுகிறவர்கள் யார் என்று அவருக்குத் தெரிய வேண்டும். அதற்காக, எல்லோரையும் தெரிந்த பழைய தொழிலாளி ஒருவரைத் தன் அறையில், கண்ணாடிக்குப் பின்னால் இருத்துகிறார். ஆட்கள் வரிசையில் வருவார்கள். அவர் ஆளைக் காட்டிக்கொடுக்க வேண்டும், தலையை ஆட்டி.

"அந்த ரோலுக்கு உங்களை யோசிக்கிறா, அங்கிள்."

ரெலிபோனை மற்றக் காதுக்கு மாற்றி, திரும்பவும் சொல்லச் சொன்னேன்.

மனைவியிடம் சொன்னேன். சமைத்துக்கொண்டிருந்தவர் அடுப்பை நிறுத்திவிட்டுத் திரும்பினார். "உங்களுக்கு விசரே? ரொறன்ரோ முழுக்க எங்கட சனம். நாளைக்குக் கோயில்ல நிண்டால், அந்தா தலையாட்டி போறார் எண்டு காட்டுவினம்."

"நடிப்புத்தானே."

"சனத்துக்கு நடிப்பெண்டு விளங்குமே? ஆரோ ஒரு மனிசனை அப்பிடிச் சொல்லிச் சொல்லியே ஸ்ரௌவ்வில்லுக்கு வீடு மாறிப் போகப் பண்ணினவை. மறந்திட்டியளே?"

மறக்கவில்லை. எங்களிடையே அந்தச் சொல் ஒருவர்மேல் ஒட்டினால் ஒட்டியதுதான். அவன் உண்மையில் செய்தானா இல்லையா என்று யாரும் விசாரிப்பதில்லை. பிள்ளைகளின் கலியாணம்வரை அது கூட வரும்.

ஆனாலும் அந்தக் கதிரை என்னை இழுத்தது. அந்தச் சாக்குக்கு வெளியே நின்று பார்த்துப் பார்த்துக் களைத்துவிட்டேன். உள்ளேயிருந்து பார்த்தால் என்ன தெரியும் என்று அறியவேண்டும் போலிருந்தது. ஹெல்வியிடம் ஒன்று கேட்டேன்: நான் தலையாட்டாமலே இருந்தால்? "நீ விரும்பினதைச் செய். என்ன நடக்குதோ அதுதான் படம்" என்றார்.

சரி, போவது, இருப்பது, ஒருவருக்கும் தலையாட்டாமல் எழும்பி வருவது. இதுதான் என் திட்டம். மனைவிக்கும் அப்படித்தான் வாக்குக் கொடுத்தேன்.

மூடிப்போன ஒரு லோன்றியில் படப்பிடிப்பு. சவர்க்காரத்தின் புளிச்ச மணம் இன்னும் சுவரில் இருந்தது. மனேஜராக வந்தவர் உண்மையிலேயே ஒரு தொழிற்சாலையில் மனேஜராக இருந்து ஓய்வுபெற்றவர். நான் அவர் பக்கத்தில் இருந்தேன். என் தோளுக்குப் பின்னால் கமரா. வெளியே வரிசை. இடப்பக்கம் ஒரு கதவு.

முதல் ஆள் வந்தார். என் கழுத்தைக் கல்லாக்கிக்கொண்டேன். மனேஜர் காத்திருந்துவிட்டு அவரை விட்டுவிட்டார். அடுத்தவர். அதற்கடுத்தவர். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எல்லா முகங்களிலும் ஒரே கேள்வி. நடிப்பென்று அவர்களுக்கும் தெரியும், ஆனாலும் அந்தக் கேள்வி நடிப்பில்லை. உள்ளே இருந்தால் குறைவாகப் பயப்படுவேன் என்று நினைத்திருந்தேன். அப்படி இல்லை.

பிறகு அன்ரன் வந்தான். மனேஜர் அவனைக் காட்டினார். "ஹிம்?"

என் தலை ஆடியது.

நான் ஆட்டவில்லை. ஆனால் ஆடியது. மனேஜர் இடப்பக்கக் கதவைக் காட்டினார். அன்ரன் கண்ணாடியூடாக என்னைப் பார்த்தான். அப்படியொரு பார்வை வேறொருவருக்கும் கிடைக்கக் கூடாது. அவன் இடப்பக்கம் போனான்.

ரெக்ஸ்டேல்

அன்று மதியச் சாப்பாட்டு நேரத்தில் எனக்குப் பக்கத்துக் கதிரை வெறுமையாக இருந்தது. "பாத்தீங்களே, அன்ரனுக்கெண்டு தலையாட்டினவர்" என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது, பகிடிபோலத்தான். அந்தக் கிழமை முடியுமுன் மனைவிக்கு ஒரு கோல் வந்தது. உங்கட அவர் ஊரிலயும் உப்பிடி இருந்தவரோ என்று ஒரு சிநேகிதி கேட்டாளாம். மனைவி என்னிடம் சண்டை பிடிக்கவில்லை. அன்றைக்குத் தேத்தண்ணியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு அறைக்குள் போய்விட்டார், அதுதான் தாங்க முடியவில்லை.

அந்தக் காட்சியை வெட்டச் சொல்வதென்று முடிவெடுத்தேன். ஹெல்வி ரெக்ஸ்டேலில் ஒரு வீட்டு மேல்மாடியில் இருந்து படத்தைத் தொகுத்துக்கொண்டிருந்தார். மாயா சொல்லியிருக்க வேண்டும், புறப்படும்போது அன்ரன் பஸ் நிறுத்தத்தில் நின்றான். அவனோடு நான் பல நாளாகப் பேசவில்லை.

"நானும் வாறன், அண்ணை" என்றான். நகரத்தின் ஒரு மூலையிலிருந்து மற்ற மூலைக்குப் பஸ் மாறி மாறிப் போனோம்.

மாயா கதவைத் திறந்தாள். ஹெல்வி என் முகத்தைப் பார்த்தார். நான் வாய் திறக்குமுன்பே, "வெட்டச் சொல்லி வந்திருக்கிறாய், என் அப்பாவைப்போல" என்றார். "முதலில் பார்."

திரையில் என் பிடரி. அதற்கப்பால் கண்ணாடி. அன்ரன் வருகிறான். வந்து நிற்கிறான். என்னைக் காண்கிறான். லோன்றியில் நெடுங்காலமாக ஒவ்வொரு காலையும் வருகைக் காட் அடிக்கும் இடத்தில் என்னைக் கண்டதும் செய்வதையே செய்கிறான். தலையை ஆட்டுகிறான், காலை வணக்கம் மாதிரி. உடனே என் பிடரி ஆடுகிறது. பதில் வணக்கம். மனேஜரின் விரல் இடப்பக்கம் போகிறது.

"அண்ணை," அன்ரன் திரையில் தன் முகத்தைக் காட்டினான். "நான்தானே முதல்ல ஆட்டினனான்."

"திருப்பிப் போடச் சொல்லு" என்றேன் மாயாவிடம். திருப்பிப் போட்டார்கள். இன்னும் ஒருமுறை போடச் சொன்னேன். மூன்றாவது முறை நான் திரையைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. பள்ளிக்கூட மைதானத்தில் நின்றேன். இரண்டடி போய்த் திரும்பியிருக்கிறேன். இத்தனை வருடமும் அந்த இடத்தில் நான் சாக்கைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருநாளும் தம்பியைப் பார்க்கவில்லை. இப்போது பார்த்தேன். ரூபன் வழக்கம்போலக் குனிந்து நிலத்தைப் பார்த்தபடி வருகிறான். அந்த ரப்பர் செருப்பைக் காண்கிறான். அறுந்த வாரில் கறுப்பு ரியூப் துண்டு. எங்கள் ஊரில் வாருக்கு அப்படி ரியூப் ஒட்டிக் கொடுத்தவன் அவன் ஒருவன்தான். அது அவனே ஒட்டிய செருப்பு.

அவன் தலையாட்டினான். பிறகுதான் சாக்கு ஆடியது.

சத்தமாகச் சொன்னேன். மாயா மொழிபெயர்க்கும்போது அழுதாள். உள்ளே இருந்தவன் வேண்டுமென்றே ஆட்டினானா, என் தலையைப்போல அதுவும் தானாக ஆடியதா, எனக்குத் தெரியாது. இனித் தெரியப்போவதும் இல்லை. அவனுக்குப் பகை இருந்தது என்று நம்பியிருந்தபோது எனக்கு ஒரு பிடிமானம் இருந்தது. ஒரு தெரிந்த முகத்துக்குக் கொடுத்த வணக்கத்தில் என் தம்பி போய்விட்டான் என்றால், அந்தப் பயத்தை நான் எங்கே கொண்டுபோய் வைப்பேன்?

"வெட்ட வேண்டாம்" என்றேன் கடைசியில். "ஆனா அன்ரன் தலையாட்டுறதில இருந்து தொடங்குங்கோ. அதை விட்டிட்டு என்ர தலையை மட்டும் காட்டாதேங்கோ. சனம் ரெண்டையும் பாக்கட்டும்."

எங்கே வெட்டுவது, எங்கே தொடங்குவது என்று சொல்ல நாற்பது வருடத்தில் ஹெல்வி யாரையும் விட்டதில்லை. அப்பாவைக்கூட விடவில்லை. திரையில் நின்ற அன்ரனைப் பார்த்தார். பிறகு மூச்சை உள்ளே இழுத்தார்.

"யோ."

சம்மதித்து ஓம் என்றாரா, ஐயோ என்றாரா என்று நான் மாயாவிடம் கேட்கவில்லை.

கனவு இன்னும் வருகிறது. ஆனால் இப்போது நான் சாக்கைப் பார்ப்பதில்லை. பின்னால் வரும் ரூபனைத்தான் பார்க்கிறேன். "செருப்பைப் பாக்காதையடா, தலையாட்டாதையடா" என்று கத்துகிறேன். அவனுக்குக் கேட்பதில்லை. தெரிந்த ஆளைக் கண்ட சந்தோசத்தில் இருக்கிறான்.